ஒருநிமிஷமும் பச்சைக் கம்பியும்

‘மேற்பார்வைத் தகுதிச் சான்று பெற்றவர் ஐயத்துக்கு இடமின்றிச் சிந்திப்பவராகவும், விரைந்து முடிவெடுப்பவராகவும், தம் முடிவைப் பிறர் ஏற்கும்படி எடுத்துரைக்க வல்லவராகவும் இருத்தல் வேண்டும்’ என்கிறது மின் உரிம வாரியத்தின் கையேடு, நான்காம் பக்கத்தில்.

அந்தச் சான்றில் புகைப்படமாக ஒட்டப்பட்டிருப்பவர் இப்போது என் வீட்டுக்குக் கீழ்த்தளத்தில், இன்னும் திறக்காத சலவை நிலையத்தில், உதட்டிடுக்கில் ஒரு திருகாணியைக் கவ்வியபடி, சுவரில் பதித்த இரும்புப் பெட்டிக்கு முன்னால் நின்றுகொண்டிருக்கிறார். பெட்டியைத் திறக்க வேண்டும். மெயினை அணைத்தாயிற்றா என்பது அவருடைய கேள்வி. அணைத்தாயிற்று. அணைத்ததைத் துணி மடிக்கும் வேலைக்குச் சேர்ந்திருக்கும் பெண்கள் இருவர் பார்த்தார்கள், நான் பார்த்தேன், அணைத்தவரும் பார்த்துக்கொண்டுதான் அணைத்தார். இருந்தாலும் “ஒரு நிமிஷம்” என்று திருகாணிக்கு நோகாமல் சொல்லிவிட்டுக் கூடத்தின் மறுகோடிக்கு நடக்கிறார். மெயின் சுவிட்சின் பிடி கீழேதான் இருக்கிறது. அதில் அவருடைய கைக்குட்டை வேறு முடிச்சுப் போட்டுத் தொங்குகிறது. இதை யார் கட்டியது என்று யோசிப்பவர்போல் அதையே சற்று நேரம் பார்க்கிறார்.

திரும்பி வந்தவர் பெட்டியைத் தொடுவார் என்று எதிர்பார்த்தால் ஏமாற்றம்தான். டெஸ்டரை எடுத்துக்கொண்டு படியேறி என் வீட்டு வாசலுக்கு வருகிறார். மாடிக்கு மின் இணைப்பு தனி. என் வாசல் பிளக்கில் டெஸ்டரைச் செருகுகிறார், விளக்கு எரிகிறது. கீழே போய்ப் பெட்டிக்குள் வைத்துப் பார்க்கிறார், எரியவில்லை. உடனே மறுபடி மாடிக்கு ஓடிவந்து என் பிளக்கில் இன்னொரு முறை. “நடுவுல டெஸ்டர் செத்துப் போயிருந்தா?” என்று முதல் நாள் என்னிடம் கேட்டார். எனக்குப் பதில் தெரியவில்லை. அவருக்கும் தெரியவில்லை என்பது முகத்தில் தெரிந்தது. இப்படியாக எங்களுக்குள் பழக்கம் ஏற்பட்டது. மேற்படி கையேட்டைக்கூட அவரேதான் எனக்குப் படிக்கக் கொடுத்தார். யாருக்குக் கொடுத்தோம் என்று வீட்டில் தேடிக்கொண்டிருப்பதாகக் கேள்வி. அதன் பதினோராம் பக்கத்தில் இந்த ஏறி இறங்கலுக்குப் பாதுகாப்பான சோதனை முறை என்று பெயர். சலவை நிலையத்தில் இதற்கு மறதி என்று பெயர்.

அவருக்கு வைத்த பெயர் எதுவோ, வழங்கும் பெயர் ஒருநிமிஷம். “ஒருநிமிஷம் அண்ணே, டீ ஆறுது”, “ஒருநிமிஷம் இன்னும் வரலையா?” என்று முகத்துக்கு நேராகவே சொல்வார்கள். அவர் கோபித்துக்கொள்வதில்லை. கூப்பிட்டதும் அவர் வாயிலிருந்து வரும் முதல் பதிலும் அதுவாகவே இருப்பதால், கூப்பிட்டவர்களுக்குத் தங்கள் குரல்தான் சுவரில் பட்டுத் திரும்பியதோ என்று ஒரு மயக்கம். ஐம்பதை நெருங்கும் வயது, ஒல்லி உடம்பு. சட்டைப் பொத்தான்களில் ஒன்று எப்போதும் பக்கத்துக் காஜாவில் குடியிருக்கும்; கடைசிப் பொத்தானுக்கு வீடு இருக்காது.

யார் எதைச் சொன்னாலும் ஒப்புக்கொண்டுவிடுவது அவருடைய இயல்பு. குடை வாங்கி வரச் சொல்லி அனுப்பினால் கண்ணாடி மீன் தொட்டியோடு வந்தார். கடைக்காரர் நியாயமாகப் பேசினாராம். மீன் வாங்கவில்லை, மீனைப் பற்றி அந்தக் கடையில் யாரும் பேச்செடுக்கவில்லை. தொட்டியில் இப்போது வயர் துண்டுகளும் திருகாணிகளும் கிடக்கின்றன. மழை வந்தால் நனைகிறார். “இவருகிட்ட கடைசியா யாரு பேசுறாங்களோ அவங்க கட்சிதாங்க இவரு. அதனால காலையில இவரு படியிறங்குற வரைக்கும் நான் பேச்சை நிறுத்துறதே இல்ல” என்றார் அவர் மனைவி, ஒரு நாள் சாப்பாட்டுப் பையோடு வந்தபோது. பொய்யாகத் தெரியவில்லை.

ஆனால் வாய் ஒப்புக்கொண்டதைக் கை செய்யும் என்பதற்கு எந்த உத்தரவாதமும் இல்லை. இதுதான் அவரைச் சுற்றியிருப்பவர்களைக் குழப்புகிறது. கவனித்துப் பார்த்தால் அவரையுமே குழப்புகிறது.

சலவை நிலையத்தின் வயரிங் ஒப்பந்தம் இவருடையது அல்ல, மச்சானுடையது. மச்சான் என்றால் மனைவியின் உடன்பிறந்த அண்ணன். அகன்ற தோள், கூடத்துக்கு வெளியே நின்று பேசினாலும் உள்ளே கேட்கும் குரல். ஐயத்துக்கு இடமின்றிச் சிந்திப்பவர், விரைந்து முடிவெடுப்பவர், எடுத்துரைக்க வல்லவர். கையேட்டின் நான்காம் பக்கத்தை எழுதியவர் மச்சானை எதிரில் உட்காரவைத்துப் பார்த்துப் பார்த்துத்தான் எழுதியிருக்க வேண்டும். என்ன செய்வது, மச்சான் இரண்டு முறை பரீட்சை எழுதினார், இரண்டு முறையும் தேறவில்லை. ஒவ்வொரு கேள்விக்கும் சந்தேகமே இல்லாமல் ஒரே ஒரு பதில், அதுவும் பிறழாத கையெழுத்தில், தவறாக. துணைக்குப் போய்த் தாமும் பரீட்சை எழுதிய மாப்பிள்ளை, அதாவது ஒருநிமிஷம், எழுதியதை அடித்து, அடித்ததன் மேல் எழுதி, அதையும் அடித்து, கூடுதல் தாள் வாங்கி, மணி அடித்த பிறகும் எழுந்திருக்காமல், தேறிவிட்டார். எனவே வண்டியிலும் பலகையிலும் மச்சான் பெயர். வேலை முடிந்ததற்கான அறிக்கையில் மாப்பிள்ளை கையெழுத்து. அந்தக் கையெழுத்து விழாமல் எந்தக் கட்டடத்துக்கும் மின்சாரம் நிலையாக வராது.

வேலை செய்யும்போது அவரைப் பார்ப்பது தனி அனுபவம். புது இரும்புப் பெட்டி பளபளவென்று சாம்பல் நிறப் பூச்சோடு வந்திருக்கும். பச்சை நிற எர்த் கம்பியை முடுக்க வேண்டிய இடத்தில் அந்தப் பூச்சைப் பேனாக்கத்தியால் சுரண்ட ஆரம்பிப்பார். வெறும் இரும்பு வெள்ளையாகப் பல்லைக் காட்டும்வரை சுரண்டுவார். “பெயிண்ட் மேல முறுக்குனா கம்பி பெயிண்டைத்தான் பிடிச்சிட்டிருக்கும், பெட்டியை இல்ல” என்பார். பிறகு பெட்டிக்குள் வந்து போகும் பச்சைக் கம்பிகளை எல்லாம் ஒன்றாகச் சேர்த்து இறுக்கி, அந்த முடிச்சிலிருந்து பெட்டிக்கென்று ஒரு துண்டு, பிளக்குக்கென்று ஒரு துண்டு தனித்தனியாக விடுவார். மச்சானின் ஆட்கள் இதை வால் என்கிறார்கள். மற்ற வயர்மேன்கள் கம்பியை நேரே பிளக்கில் மாட்டி, அங்கிருந்தே அடுத்த பெட்டிக்கு எடுத்துக்கொண்டு போய்விடுகிறார்கள். வேலை பாதியாகக் குறைகிறது. என்றைக்காவது ஒரு பிளக்கைக் கழற்றினால் அதற்கப்பால் உள்ள பெட்டிகள் அத்தனையும் எர்த் இல்லாமல் அநாதையாகிவிடும் என்பது மட்டும்தான் அதிலுள்ள குறை.

“மாப்ளே, பத்தொம்பது பெட்டிக்கும் வால் வைக்கணுமா?” என்று மச்சான் கேட்டார்.

“வேண்டாம் மச்சான், வேலை இழுக்கும்.”

“அதான் சொல்றேன்.”

“ஆமாமா.”

சாயங்காலம் பத்தொன்பது பெட்டிகளுக்கும் வால் இருந்தது.

இதையெல்லாம் மச்சான் பொறுத்துக்கொண்டார். தகராறு டிரையரில் வந்தது.

கட்டட வேலை முடியும் தறுவாயில் முதலாளியம்மா மனம் மாறி, சிறிய டிரையருக்குப் பதில் ஒரே நேரத்தில் நாற்பது போர்வைகளை உலர்த்தும் ராட்சதம் ஒன்றை வரவழைத்துவிட்டார். சிறியதற்கு இருபது ஆம்பியர் பிரேக்கர், இரண்டரை சதுர மில்லிமீட்டர் அளவுக் கம்பிகள். எர்த்தும் அதே இரண்டரை. பெரியதற்கு அறுபத்து மூன்று ஆம்பியர் பிரேக்கர், பதினாறு அளவுக் கம்பிகள். குழாய் ஏற்கெனவே சுவருக்குள் போய், அதன் மேல் டைல்ஸும் ஒட்டியாகிவிட்டது. மச்சானின் ஆட்கள் பழைய கம்பிகளை உருவிவிட்டுத் தடிக்கம்பிகளைச் சோப்புத் தண்ணீர் தடவித் திணித்தார்கள். எர்த்துக்குத் தடிக்கம்பி நுழையவில்லை. உள்ளே கிடந்த பழைய மெல்லிய பச்சைக் கம்பியையே விட்டுவிட்டார்கள்.

ஒருநிமிஷம் டிரையரின் பெட்டியைத் திறந்தார். பச்சைக் கம்பியை இரண்டு விரலால் உருட்டிப் பார்த்தார். “ஒரு நிமிஷம்” என்றார்.

“என்ன மாப்ளே?”

“இது இரண்டரையா இருக்கு.”

“இருக்கட்டுமே. எர்த்துல கரண்ட் ஓடுமா?”

“ஓடாது மச்சான்.”

“என்னைக்காவது ஓடுமா?”

“எல்லாம் சரியா இருந்தா ஓடாது.”

“சரியாத்தானே பண்ணியிருக்கோம்?”

“ஆமா.”

“அப்ப ஓடாத கரண்ட்டுக்கு எதுக்குத் தடிக்கம்பி? ஆளே இல்லாத காட்டுக்கு எட்டு வழிச் சாலை போடுவாங்களா?”

ஒருநிமிஷம் நேர்மையாக யோசித்தார். “போட மாட்டாங்க” என்றார்.

“அவ்வளவுதான் விஷயம்.”

“நீங்க சொல்றது சரிதான். ஆனா சரியில்ல.”

“எது சரியில்ல?”

“அதான் பிடிபடல” என்று அவர் பெட்டியை மூடினார்.

மச்சான் சொன்னது எனக்கும் சரியாகவே பட்டது. கையேட்டைப் புரட்டிய பிறகு அவ்வளவு சரியாகப் படவில்லை. எர்த் கம்பிக்கு வேலை வருவது எல்லாம் கெட்டுப்போன அந்த ஒரு கணத்தில். உள்ளே ஒரு கம்பி கழன்று இயந்திரத்தின் இரும்பு உடம்பைத் தொட்டால் மின்சாரம் முழுவதும் பச்சைக் கம்பி வழியே பாய வேண்டும். பாய்கிற வேகத்தில் பிரேக்கர் விழுந்து இணைப்பைத் துண்டிக்க வேண்டும். பிரேக்கர் பெரிதாகப் பெரிதாக அதை விழவைக்கத் தேவைப்படும் பாய்ச்சலும் பெரிதாகிறது. கம்பி மெல்லியதாக இருந்தால் பிரேக்கர் விழுவதற்குள் கம்பி எரிந்து அறுந்துபோகலாம். அதன் பிறகு இயந்திரம் மின்சாரத்தோடு அப்படியே, பார்க்கச் சாதுவாக, நின்றுகொண்டிருக்கும். தொடுகிற ஆளுக்காக. எனவே எர்த்தின் தடிமனைத் தீர்மானிப்பது அதில் தினமும் என்ன ஓடுகிறது என்பது அல்ல. அதற்கு முன்னால் எவ்வளவு பெரிய பிரேக்கர் உட்கார்ந்திருக்கிறது என்பதுதான். இதை இரண்டு நிமிடத்தில் சொல்லிவிடலாம். ஒருநிமிஷத்தால் முடியவில்லை. அவருக்கு இது தெரியும். தெரிந்தது வார்த்தையாக வரும் வழியில் எங்கோ திருப்பம் தவறிவிடுகிறது.

வியாழக்கிழமை சோதனை ஓட்டம். முதலாளியம்மா வந்து நின்றார். மச்சான் தாமே பொத்தானை அழுத்தினார். ராட்சதம் அரை நிமிடம் கம்பீரமாகச் சுழன்றது. பிறகு ‘டக்’ என்று ஒரு சத்தம். கூடம் அமைதியானது. மச்சான் போர்டைத் திறந்தார். அறுபத்து மூன்று இருக்க வேண்டிய இடத்தில் பழைய இருபது உட்கார்ந்திருந்தது.

“யாரு மாத்துனது?”

“நான்தான்னு நெனைக்கிறேன்” என்றார் ஒருநிமிஷம்.

“நெனைக்கிறியா?”

“காலையில போர்டு மூடியைத் தொறந்தது ஞாபகம் இருக்கு. பெருசு என் பையில இருக்கு, பாருங்க. அப்ப நானாத்தான் இருக்கணும்.”

“நேத்து நாம என்ன பேசினோம்?”

“எர்த்துல கரண்ட் ஓடாதுன்னு பேசினோம்.”

“நீ என்ன சொன்ன?”

“ஆமான்னு சொன்னேன்.”

“அப்புறம் ஏன்...” என்று தொடங்கிய மச்சான் அடுத்த எழுத்தை விழுங்கினார். தங்கையின் கணவரை ‘டா’ போட முடியாது. அந்த ஓர் எழுத்தை விழுங்கியதில் கழுத்து நரம்பு புடைத்ததை நான் பார்த்தேன். சிறிய பிரேக்கரைக் கழற்றித் தம் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார், பெரியதை மாட்டினார், அறிக்கைத் தாளை மேசையில் வைத்தார். “திங்கக்கிழமை கடை தொறக்குது. அதுக்குள்ள கையெழுத்து வேணும். இல்லைன்னா இனிமே நீ வேற இடம் பாத்துக்க.” உரத்த குரல் இல்லை. அதனால் எல்லோருக்கும் பயமாக இருந்தது.

அறிக்கையை ஒருநிமிஷம் மூன்று முறை படித்தார். ‘அனைத்து உலோகப் பெட்டிகளுக்கும் தக்க அளவுள்ள கம்பியால் பூமித் தொடர்பு தரப்பட்டுள்ளது என உறுதியளிக்கிறேன்.’ அன்று மாலை தாளோடு மாடிக்கு வந்து என்னிடம் கேட்டார்: “சார், நீங்க படிச்சவங்க. தக்க அளவுன்னா எவ்வளவு?”

“பொருத்தமான அளவு” என்றேன்.

“எதுக்குப் பொருத்தமா? மச்சானுக்கா, டிரையருக்கா?”



வெள்ளிக்கிழமை அவரோடு பேசியது இஸ்திரி அக்கா. போர்வைகளைச் சூடான உருளையில் விட்டுத் தேய்த்து எடுப்பவர். பழைய சலவை நிலையத்திலிருந்து முதலாளியம்மா கூடவே அழைத்து வந்தவர். தரை எந்நேரமும் ஈரம் என்பதால் செருப்பு வழுக்கும் என்று வெறுங்காலோடுதான் நிற்பார். புது டிரையர் பக்கம் போகும்போதெல்லாம் புறங்கையால் அதை ஒரு தட்டுத் தட்டிவிட்டுத்தான் தொட்டார். மின்சாரம் இல்லாத நேரத்திலும் அப்படித்தான்.

“எதுக்கு அப்படித் தட்டுறீங்க?” என்று ஒருநிமிஷம் கேட்டார்.

“பழக்கம் அண்ணே. பழைய இடத்துல மெஷினைத் தொட்டா எறும்பு கடிச்ச மாதிரி சுர்ருங்கும். உள்ளங்கையால பிடிச்சா விடாது. புறங்கைன்னா தானா உதறிக்கும். புதுசா வந்த பொண்ணு ஒருத்திக்குச் சொல்லித்தர மறந்துட்டோம். இப்ப அவளுக்கு வலது கையில ரெண்டு விரல் மடங்காது.” சொல்லிவிட்டுப் போர்வையின் மூலையை நீவினார். “இங்க எல்லாம் புதுசு. இங்க தட்ட வேண்டாம்ல?”

ஒருநிமிஷம் அந்தக் கேள்விக்கு ஆமாம் சொல்லவில்லை. யார் கேட்டாலும் ஆமாம் சொல்லும் மனிதர் சொல்லாமல் நின்றதை நான் அன்றுதான் முதலில் பார்த்தேன்.

“எர்த்துன்னு ஒண்ணு இருக்கு” என்று ஆரம்பித்தார். “அது தினம் வேலை செய்யாது. ஒரு நாள் செய்யும். அந்த ஒரு நாளைக்கு... இல்ல, அதுக்கு முந்தின நாளே...” சிக்கிக்கொண்டார்.

இஸ்திரி அக்கா உதவிக்கு வந்தார். “தியேட்டர்ல பக்கவாட்டுல ஒரு கதவு இருக்குமே, செவப்பு லைட்டு போட்டு, அவசர வழின்னு. அது மாதிரியா?”

“எப்படி?”

“தினம் அதுல யாரும் போறதில்ல. தீப்பிடிச்சா மட்டும் மொத்தக் கூட்டமும் அதுலதான் போகணும். யாரும்தான் போறதில்லையேன்னு பூனை நுழையிற அளவுக்குக் கதவு வச்சா என்ன ஆகும்?”

அவர் வாயிலிருந்த திருகாணி கீழே விழுந்தது. “அக்கா, பரீட்சையை நீங்க எழுதியிருக்கணும்” என்றார். தம்மைவிடப் பத்து வயது இளையவரை அவர் அக்கா என்று அழைப்பது அன்றிலிருந்துதான்.

பூனைக் கதவைக் கையில் ஏந்திக்கொண்டு நேரே மச்சானிடம் போனார். மச்சான் வண்டியில் சாமான் ஏற்றிக்கொண்டிருந்தார்.

“மச்சான், ஒரு தியேட்டர் இருக்குன்னு வைங்க.”

“எந்தத் தியேட்டர்?”

“ஏதோ ஒண்ணு.”

“பஸ் ஸ்டாண்டு பக்கத்துல இருந்துச்சே, அதுவா? அதைத்தான் இடிச்சுட்டாங்களே.”

“இடிச்சுட்டாங்களா? எப்ப?”

“போன வருஷமே. நாம எல்லாரும் போயிருந்தோம் பாரு, இடைவேளையில டீ வாங்கப் போன நீ திரும்பி வேற ஹால்ல போய் உக்காந்துட்ட.”

“அந்தப் படம் நல்லாத்தான் இருந்துச்சு” என்றார் ஒருநிமிஷம்.

பத்து நிமிடம் பேசினார்கள். வியாழக்கிழமைக்குப் பிறகு முதல் முறையாக இருவரும் சிரித்தார்கள். பூனை கடைசிவரை வெளியே வரவில்லை. பேச்சு முடியும்போது மச்சான் தோளில் கைபோட்டு, “கையெழுத்தைப் போட்டுடு மாப்ளே, நமக்குள்ள என்ன?” என்றார். “போட்டுடறேன்” என்றார் மாப்பிள்ளை, கண் கலங்கி.

சனிக்கிழமை அவருக்குப் பரபரப்பான நாள். காலையில் முதலாளியம்மாவிடம், எர்த்துக்கு மட்டும் சுவரின் மேலாக வெளியே ஒரு கம்பி விட்டால் என்ன என்று கேட்டுப் பார்த்தார். அந்த அம்மாள் டைல்ஸைத் தம் கன்னத்தைத் தடவுவதுபோல் தடவிக் காட்டினார். “இதுல முகம் பாத்துத் தலை வாரலாம். இதுல ஒரு ஊசி நுழையக் கூடாது, சொல்லிட்டேன்.” அவர் அதில் தம் முகத்தைப் பார்த்தார். “ஆமாம்மா, ஊசி நுழையாது” என்று வாக்குக் கொடுத்தார்.

மத்தியானம் மனைவி வந்தார். சாப்பாட்டுப் பையை வைத்துவிட்டுப் போகாமல் நின்றார். “ஏங்க, அண்ணன் என்கூடப் பேசி மூணு நாளாச்சு. போன் பண்ணா வேலையா இருக்கேங்குது. எனக்குன்னு இருக்கிறது அது ஒண்ணுதான். ஒரு கையெழுத்து, அவ்வளவுதானே?”

“போட்டுடறேன்.”

“எப்ப?”

“நாளைக்கு.”

“சத்தியமா?”

“சத்தியமா.”

மூன்று பேருக்குக் கொடுத்த மூன்று வாக்குகளும் மனதாரக் கொடுத்தவை. அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. சாயங்காலம் மச்சானின் கிடங்குக்குப் போனார். மூலையில் வேறொரு வேலையில் மிஞ்சிய பதினாறு அளவுப் பச்சைக் கம்பி வளையமாகக் கிடந்தது.

“மச்சான், இதை எடுத்துக்கட்டுமா?”

“எதுக்கு?”

“தெரியல. கையில இருந்தா நல்லதுன்னு தோணுது.”

“எடுத்துக்கோ. தங்கச்சிக்குத் துணி காயப்போடக் கட்டிக் குடு” என்றார் மச்சான், சமாதானமான மனநிலையில்.

ஞாயிற்றுக்கிழமை காலை கீழே சுவரில் துளை போடும் கருவியின் இரைச்சல் கேட்டு இறங்கிப் போனேன். சாவி இஸ்திரி அக்காவிடம் இருந்திருக்கிறது. அவரே ஏணியைப் பிடித்துக்கொண்டு நின்றார். மெயினில் கைக்குட்டை தொங்கியது; கருவியின் வயர் என் வாசல் பிளக்கிலிருந்து படியிறங்கி வந்திருந்தது. ஒருநிமிஷம் ஏணியின் மூன்றாம் படியில், டைல்ஸில் பென்சிலால் புள்ளி வைத்துவிட்டுக் கருவியைத் தூக்கியபடி யோசனையில் இருந்தார். தரையில் வெள்ளைத்தூள் கொஞ்சம் ஏற்கெனவே கொட்டியிருந்தது.

“அக்கா, நான் முதலாளியம்மாகிட்ட சுவரைத் தொட மாட்டேன்னு சொன்னேன்ல?”

“சொன்னீங்க அண்ணே. நானும் பக்கத்துல இருந்தேன்.”

“மச்சான்கிட்ட, இருக்கிறபடியே கையெழுத்துப் போடறேன்னு சொன்னேன்ல?”

“அதையும் சொன்னீங்க.”

“சத்தியம் வேற பண்ணியிருக்கேன்.”

“அது எனக்குத் தெரியாது. வீட்டு விஷயம்.”

“அப்ப இப்ப நான் செய்யிறது என்ன?”

“என்னைக் கேட்டா? கருவி உங்க கையிலதானே இருக்கு?”

அவர் தம் கையைப் பார்த்தார். கருவி அதில்தான் இருந்தது. என்னைப் பார்த்தார். நான் பேசினால் அவர் என் கட்சிக்கு வந்துவிடக்கூடும் என்பது நினைவுக்கு வந்து நான் வாயைத் திறக்கவில்லை. இஸ்திரி அக்காவும் திறக்கவில்லை. பிறகு அவர் “ஒரு நிமிஷம்” என்று யாரிடமோ சொல்லிவிட்டுப் பொத்தானை அழுத்தினார்.

திங்கட்கிழமை சலவை நிலையம் திறந்தது, டிரையர் ஓடியது. நடந்தது என்ன என்பதில் மட்டும் ஒருமித்த கருத்து இல்லை. கண்ணாடிபோல் இருந்த சுவரைக் சொல்லியும் கேளாமல் ஒருநிமிஷம் நாசம் செய்துவிட்டார் என்பது முதலாளியம்மாவின் கட்சி. கம்பியின் மேல் அந்த அம்மாள் பிளாஸ்டிக் கொடி ஒன்றைச் சுற்றிவிட்டிருக்கிறார். வாடிக்கையாளர்கள் அழகாக இருக்கிறது என்கிறார்கள், அதுவும் அவருக்குப் பிடிக்கவில்லை. கையெழுத்து வந்துவிட்டது, ஆகவே தாம் சொன்னபடிதான் எல்லாம் நடந்தது என்பது மச்சானின் கட்சி. அதைச் சொல்லும்போது அந்தச் சுவரின் பக்கம் திரும்புவதில்லை. மாப்பிள்ளைக்கு அடுத்த வேலை கொடுப்பதா இல்லையா என்பதை அவர் இன்னும் சொல்லவில்லை. விரைந்து முடிவெடுப்பவர் இந்த ஒன்றில் வாரக்கணக்காக யோசித்துக்கொண்டிருக்கிறார். துணி காயப்போடக் கம்பி வரும் என்று அண்ணன் சொன்னாரே, அது எங்கே என்று மனைவி கேட்கிறார். ஒருநிமிஷத்தையே கேட்டேன். “எல்லாருக்கும் சொன்ன மாதிரி செய்யணும்னுதான் சார் போனேன்” என்றார். எங்கே பிசகியது என்று என்னிடமே விசாரித்தார்.

அவர் செய்தது இது. ஞாயிற்றுக்கிழமை காலை ஒன்பது மணியிலிருந்து ஒன்றரை மணிவரை, முதலாளியம்மாவின் வெள்ளை டைல்ஸில் பதினேழு துளைகள் போட்டார். பதினாறு அளவுப் பச்சைக் கம்பியை மெயின் போர்டிலிருந்து டிரையர்வரை சுவரின் மேலேயே கிளிப் அடித்துக் கொண்டுபோனார். டிரையரின் பெட்டியில் பூச்சைச் சுரண்டிவிட்டு வெறும் இரும்பில் அதை முடுக்கினார். மீட்டர் வைத்து மூன்று முறை சோதித்தார். அதன் பிறகு, அறிக்கையில் கையெழுத்துப் போட்டார்.